மெமோவில் ஏறிய நமுட்டுச் சிரிப்பு

1

இந்தக் கதை ஒரு மெமோவிலிருந்து வந்தது. 1997இல் திருத்தணி மலையடிவாரத்தில் ஓர் அன்னதானச் சத்திரத்தில் நான் டைப்பிஸ்ட். சத்திரத்தின் பெயரைச் சொல்லமாட்டேன். அதன் வாசலில்தான் இன்றும் பஸ் பிடிக்கிறேன்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: ‘மலை முகட்டில் பொன்னிறக் கதிர்கள்...’ [வேண்டாம். கதிர்களுக்கு இதில் வேலையில்லை.]

மறுபடியும். சமையற்காரர் தியாகேசன் வாயில் துணி கட்டிக்கொண்டுதான் அடுப்பண்டை போவார். சத்திரத்து முருகனுக்குப் படைக்கும்வரை பொங்கல்மீது மூச்சுக்காற்றுகூடப் படக்கூடாது, ருசி பார்க்கவும் கூடாது. அவர் வம்சத்து வழக்கம் அது. ஒரு நாள் காலை மேலாளர் பஞ்சாட்சரம், என்னைக் குறிப்பெடுக்கச் சொல்லிவிட்டு, சமையலறைச் சுத்தத்தைப் பற்றி அரைமணி நேரம் பேசினார். நடுவில், படைப்பதற்காக இறக்கி வைத்திருந்த பொங்கல் அண்டாவில் விரலை விட்டு வழித்து நக்கிக்கொண்டார். “ஆசாரம்தான் முக்கியம்” என்று தொடர்ந்தார்.

தியாகேசன் சிரித்தார்.

பெரிய சத்தமில்லை. மூக்கு வழியாகக் கொஞ்சம் காற்று, அவ்வளவுதான்.

“யார்ரா சிரிச்சது?”

அங்கே நாங்கள் மூன்றே பேர். என் முகம் தபால்பெட்டி மாதிரி அசையாமல் இருந்தது. தியாகேசன் வாயில் துணி.

“துணிக்குள்ள சிரிச்சா தெரியாதுன்னு நெனச்சியா?”

“நான் சிரிக்கலயே சார்.”

“அப்ப துணிதான் சிரிச்சுதா?”

2

“நமுட்டுச் சிரிப்பு சிரிச்சான்னு மெமோவுல அடி” என்றார் மேலாளர். அது ஆபீஸ் பாஷையில் வராது என்றேன். அகராதியைப் புரட்டினேன். முறுவல், மூரல், குறுநகை, இளநகை. முன்னோர்கள் காதலிகளுக்கும் கடவுளர்க்கும் தாராளமாகச் சொற்கள் செய்து வைத்திருந்தார்கள். மேலாளரைப் பார்த்துச் சிரிக்கும் ஊழியனுக்கு ஒன்றுமில்லை. பஸ் ஸ்டாண்டுப் பையன்களிடம் இருந்தது: ‘உள்ளயே ஓட்றான்பா’. (பொருத்தமான சொல். ஆனால் சத்திர முத்திரைக்குக் கீழே நிற்காது.)

‘முறுவல்’ என்று போட்டால் ஒரு விசாரணை நடக்கும். யார் எங்கே நின்றார், எந்தப் பக்கம் பார்த்தார் என்று கேட்பார்கள். ‘ஏளனச் சிரிப்பு’ என்றால் விசாரணையே கிடையாது, நேரே வீட்டுக்கு.

‘ஏளனச் சிரிப்பு’ என்று அடித்தேன். தியாகேசன் கையெழுத்துப் போட்டுவிட்டுக் கரண்டியைக் கழுவி வைத்தார். மூன்று தலைமுறையாக அவர்கள் பார்த்த வேலை அன்றோடு போயிற்று.

3

[முதல் பகுதியில் ஒரு திருத்தம். ‘தியாகேசன் சிரித்தார்’ என்பதை அடித்துவிடுங்கள். சிரித்தது

சிரித்தது நான்.]

அசிங்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் எழுத்தாளன் கடைசியில் உண்மையைச் சொன்னால் உங்களுக்குப் பிடிக்குமே என்று ஒரு நப்பாசை.

4

முடிவுகள்.

(அ) பஞ்சாட்சரம் மனம் திருந்துகிறார். [எழுதும்போதே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.]

(ஆ) தியாகேசன் ஓட்டல் வைத்து ஓஹோவென்று ஆகிறார். [என் குற்றவுணர்ச்சிக்கு வசதி.]

(இ) நடந்தது. 2004, ஆர்.கே.பேட்டை டவுன் பஸ். பக்கத்து சீட்டில் தியாகேசன்; கல்யாணச் சமையலுக்குப் போய்க்கொண்டிருந்தார்.

“ஆங், டைப்பு அடிச்சிகினு இருந்த சார்தானே? அன்னிக்கு சிரிச்சது நீங்கதான்னு எனக்கு அப்பவே தெரியும்.”

நான் டிக்கெட்டை நான்காக மடித்தேன்.

“வுடுங்க. சிரிப்பு வந்தா யாரு என்னா பண்றது? வேல போனதுகூடப் பரவால்ல. எச்சப்பட்டது ஒண்ணு என் கையால சாமிக்குப் போனதில்ல, அது போதும் எனக்கு. ஆனா ஒண்ணு சார். நான் அடுப்புப் பக்கம் திரும்பிகினு இருந்தேன். நீங்க எதுக்கு சிரிச்சீங்க? ஏழு வருசமா யோசிச்சிகினு கீறேன். சொல்லுங்க, நானும் சிரிக்கிறேன்.”

அன்று மேலாளர் விரல் விட்ட அந்த அண்டாவை முருகன் முன்னால் கொண்டுபோய் வைத்தவர் அவரேதான். நான் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அவர் என் முகத்தைப் பார்க்கிறார். சிரிக்கத் தயாராக உதடு பாதி விரிந்திருக்கிறது. பஸ் கே.ஜி.கண்டிகையில் நிற்கிறது, அடுத்த நிறுத்தத்தில் அவர் இறங்க வேண்டும். பொய்யாக ஒரு ஜோக்கை இட்டுக்கட்ட எனக்குத் தெரியும், அதுதானே என் பிழைப்பு. ஆனால் இரண்டாம் முறையும் அவரை ஏமாற்ற எனக்கு மனசு வரவில்லை. உண்மையைச் சொல்லவும் நாக்கு எழவில்லை.

உங்கள் பக்கத்தில் அவர் உட்கார்ந்திருந்தால் என்ன சொல்வீர்கள்? சீக்கிரம் சொல்லுங்கள், கண்டக்டர் விசில் ஊதிவிட்டார்.