அங்கம்மா கேட்ட அத்தியாயம்

வாரத்தில் ஆறு நாள் மாதவரத்தில் ஒரு தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்தில் எனக்கு வேலை. ராயபுரத்திலிருந்து போய்ச்சேர ஒன்றேகால் மணி நேரம், அதுவும் கண்டெய்னர் லாரிகள் வழிவிட்டால். மிச்சமிருந்த ஏழாவது நாளைத்தான் ஆறு வருடம் அந்தப் புத்தகத்துக்குக் கொடுத்தேன். எண்ணூர் முகத்துவாரத்தைப் பற்றிய புத்தகம். ஆறும் கடலும் சேருமிடத்தில் தண்ணீர் எப்படி நடந்துகொள்கிறது, இறால் ஏன் அங்கே வளர்கிறது, மணல் திட்டு ஏன் இடம் மாறுகிறது என்பதையெல்லாம் அறிவியல் படிக்காதவருக்கும் புரியும்படி சொல்ல வேண்டும் என்பது என் ஆசை. பாட்டிலில் தண்ணீர் பிடித்து வந்து எண்ணாக எழுதிக் கொடுத்துக் கொடுத்து எனக்கே அலுத்துப்போயிருந்தது. அந்த எண்களை யாரும் படிப்பதில்லை.

பதிப்பாளர் அப்சல் வண்ணாரப்பேட்டையில் ஒரு மாடி அறையில் உட்கார்ந்து புத்தகம் போடுகிறவர். என் முதல் வரைவைப் படித்துவிட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார்.

"தேவப்பிரியம், எல்லாம் சரியா இருக்கு. ஆனா பத்து பக்கத்துல தூக்கம் வருது. ஒவ்வொரு அத்தியாயமும் ஒரு ஆளோட ஆரம்பிக்கணும்மா. ஆளைப் பிடிச்சுக்கிட்டுதான் வாசகர் அலைக்குள்ள இறங்குவார்."

ஆள் என்னிடம் இருந்தார். டில்லிபாபு. முகத்துவாரத்தை ஒட்டிய குப்பத்தில் ஃபைபர் படகு வைத்திருந்தவர், ஐம்பதைத் தாண்டியவர். பரிசோதனைக்குத் தண்ணீர் எடுக்கும்போதெல்லாம் அவர் படகில்தான் போவேன். குப்பத்தில் என்னைத் 'தண்ணி மேடம்' என்பார்கள். அவருடைய மனைவி அங்கம்மா காசிமேட்டிலிருந்து மீன் எடுத்து திருவொற்றியூர் மார்க்கெட்டில் விற்பவர். மகள் கீர்த்தி மருந்துக் கடையில் வேலை செய்தாள். மூத்தவன் வெற்றி எட்டு வருடத்துக்கு முன்னால், பத்தொன்பது வயதில், முகத்துவாரத்தில் படகு கவிழ்ந்து இறந்துபோனவன். அவனுடைய படம் வீட்டுக்குள் டிவிக்கு மேலே மாட்டியிருக்கும்.

அங்கம்மா அந்தப் படத்தைத் திட்டுவார். பூ வைத்துக்கொண்டே திட்டுவார். "சொல்லாம கொள்ளாம போனியேடா. பெத்தவகிட்ட ஒரு வார்த்த சொல்லிக்கினு போவ தெரியலயா ஒனக்கு?" முதல் தடவை கேட்டபோது எனக்கு என்னவோபோல் இருந்தது. பிறகு பழகிவிட்டது. அந்த வீட்டில் எல்லோருக்கும் பழகியிருந்தது.

ஒரு நாள் காலை, படகில் நாங்கள் இரண்டு பேர் மட்டும். அலை அடங்கட்டும் என்று இஞ்சினை நிறுத்திவிட்டு டில்லிபாபு பீடி பற்றவைத்தார். நான் மணல் திட்டைக் காட்டி, போன மாதம் இது அந்தப் பக்கம் இருந்ததே என்றேன். அவர் திட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவன் சொல்லாம போவல மேடம். நான்தான் அனுப்பினேன்."

முந்தின நாள் ஒரு கல்யாண வீட்டில் குடித்திருக்கிறார். காலையில் தலையைத் தூக்க முடியவில்லை. போட்ட வலையை எடுத்துவரச் சொல்லி மகனை எழுப்பியிருக்கிறார். அவன் வெளியே போய்ப் பார்த்துவிட்டு வந்து, "அல பெருசா கீது நைனா, மத்தியானமா போறேன்" என்றிருக்கிறான். "பயந்தாங்கொள்ளி" என்றிருக்கிறார் இவர். அவன் போய்விட்டான். அங்கம்மா மார்க்கெட்டிலிருந்து ஓடிவந்து கேட்டபோது இவர் வாயில் வந்தது, 'நான் தூங்கிகினு இருந்தேன், சொல்லாம பூட்டான்' என்பதுதான். ஒரு தடவை சொன்னதைப் பிறகு மாற்ற முடியவில்லை.

பீடி முடிந்தது. இஞ்சினைக் கிளப்பினார்.  வீட்டுக்கு வந்ததும் நான் நோட்டில் எழுதினேன். அவர் சொன்ன வார்த்தைகள் மறந்துபோவதற்குள் எழுதினேன் என்பதை இங்கே சொல்லியாக வேண்டும்.

நான்காம் அத்தியாயம் அப்படித்தான் உருவானது. ஆழம் குறைந்த இடத்தில் அலை ஏன் உடைகிறது என்பதை விளக்கும் அத்தியாயம். வெற்றி அந்தக் காலையில் படகைத் தள்ளுவதில் அது தொடங்கும். அப்சல் படித்துவிட்டு, "இதுதாம்மா புத்தகம்" என்றார். நான் டில்லிபாபுவுக்கு போன் செய்து, வெற்றியைப் பற்றி எழுதியிருக்கிறேன், போடலாமா என்று கேட்டேன். "போட்டுக்கோ மேடம், யாரு படிக்கப் போறா" என்றார். எதை எழுதியிருக்கிறேன் என்று நான் படித்துக் காட்டவில்லை. படித்துக் காட்டினால் வேண்டாம் என்று சொல்லிவிடுவார் என்ற பயம் எனக்கு இருந்தது. பெயரையாவது மாற்றியிருக்கலாம். உண்மைச் சம்பவப் புத்தகத்தில் உண்மைப் பெயர்தானே இருக்க வேண்டும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

புத்தகம் வந்தது. நாங்கள் நினைத்ததைவிட அதிகம் பேர் படித்தார்கள். குப்பத்துக்கு ஒரு பிரதி கொடுத்தேன். கீர்த்தி படங்களைப் பார்த்துவிட்டு டிவி பக்கத்தில் வைத்தாள். அவளுக்குப் பத்து மணி நேர வேலை. வீட்டுக்கு வந்து புத்தகம் படிக்கும் தெம்பு அவளுக்கு இல்லை.

ஏழாவது மாதம் பெரம்பூரிலிருந்து ஒரு வாசகர் வட்டத்தினர் முகத்துவாரத்தைப் பார்க்க வேண்டும் என்றார்கள். பதினெட்டுப் பேர். ஓய்வுபெற்ற ரயில்வே ஊழியர்கள், இரண்டு கல்லூரிப் பெண்கள், தொப்பி போட்ட ஒரு டாக்டர். ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு வந்து இறங்கினார்கள். ஆளுக்கொரு புத்தகம், அதில் பென்சில் கோடுகள். அன்பான மனிதர்கள். சேற்றில் செருப்பு மாட்டிக்கொண்டாலும் சிரித்துக்கொண்டே நண்டு வளையைப் பற்றிக் கேட்டார்கள். டில்லிபாபு நான்கு நடை அவர்களைப் படகில் ஏற்றிக்கொண்டு போய்வந்தார். அங்கம்மா எல்லோருக்கும் டீ போட்டார்.

கிளம்பும் நேரத்தில் ஒரு அம்மா, அறுபது வயதிருக்கும், அங்கம்மாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். கண் கலங்கியிருந்தது.

"நாலாவது அத்தியாயத்தை என்னால தொடர்ந்து படிக்கவே முடியலம்மா. மூடி வெச்சுட்டேன். அந்தப் பிள்ளை அலை பெருசா இருக்குன்னு சொல்லியும் அவர் அனுப்பினாரே. எப்படித் தாங்கினீங்க?"

அங்கம்மா சிரித்த முகம் மாறாமல் என்னைப் பார்த்தார்.

"இன்னா சொல்றாங்க இவங்க?"

 அந்த அம்மா என்னையும் அவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு மெல்லக் கையை விட்டார். டில்லிபாபு படகைக் கரைக்கு இழுத்துக்கொண்டிருந்தவர் கயிற்றோடு அப்படியே நின்றார். எல்லோரும் போனபிறகும் அவர் வீட்டுப் பக்கம் வரவில்லை.

எழுத்துப் படிக்கத் தெரியாத அங்கம்மா கீர்த்தியைப் பார்த்து, "படி" என்றார்.

கீர்த்தி புத்தகத்தை எடுத்து அந்தப் பக்கத்தைத் தேடினாள். இரண்டு வரி மனசுக்குள் படித்தாள். "என்னால முடியாதும்மா" என்று என் மடியில் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

நான்தான் படித்தேன். டீ கிளாஸ்கள் கழுவாமல் கிடந்த அந்த வாசலில், தகரக் கூரையின் சூடு தலையில் இறங்க, பதினோரு பக்கத்தையும் சத்தமாகப் படித்தேன். எழுதும்போது எனக்குப் பிடித்த வரிகளெல்லாம் வாயில் மண்ணாக அரைபட்டன. 'விடியலின் சாம்பல் நிறத்தில் அவன் படகைத் தள்ளினான்' என்று ஒரு வரி. நான் அன்றைக்கு அங்கே இல்லவே இல்லை.

"நீலச் சட்டைனு போட்டுகீற. சட்டையே போடல அவன். பனியன்" என்றார் அங்கம்மா.

"திருத்திக்கறேங்க்கா."

"மேல படி."

கல்யாண வீடு வந்தது. வலை வந்தது. 'பயந்தாங்கொள்ளி' வந்தது. அந்த வார்த்தையில் என் குரல் நின்றது. அவர் தரையையே பார்த்துக்கொண்டு காத்திருந்தார். நான் தொடர்ந்தேன். பிறகு விளக்கம். ஆழமான கடலில் அலை தடையில்லாமல் வருகிறது, திட்டை நெருங்கும்போது அதன் அடிப்பக்கம் தரையில் உரசி வேகம் குறைகிறது, மேல்பக்கம் அதே வேகத்தில் முன்னால் வந்து கவிழ்கிறது.

"இதெல்லாம் அவனுக்குத் தெரியும்" என்றார் அங்கம்மா. "தெரிஞ்சிதானே மத்தியானம் போறேன்னான்."

படித்து முடித்தேன்.  அங்கம்மா எழுந்து உள்ளே போனார். டிவிக்கு முன்னால் போய் நின்றது தெரிந்தது, சத்தம் ஒன்றும் கேட்கவில்லை. வெளியே வரும்போது முகம் கழுவியிருந்தார்.

"எட்டு வருசம். தெனம் எழுந்து செத்த புள்ளய திட்டிகினு இருந்தேன். அவரு பக்கத்துலயே ஒக்காந்து சோறு துன்னுகினு கேட்டுகினு இருந்தாரு. ஒரு நாளு, ஒரே நாளு, வாய தொறந்திருக்கலாம் இல்ல? ஒன்னாண்ட சொல்ல தெரியுது. தண்ணி புடிக்க வந்தவளாண்ட."

"நான் எழுதியிருக்கக் கூடாதுக்கா."

"போ நீ. எனக்கு ஒடம்பு அசதியா கீது. போ."

அன்று மத்தியானமே ஒரு பையில் நாலு புடவையை எடுத்துக்கொண்டு புளியந்தோப்பில் தங்கை வீட்டுக்குப் போய்விட்டார். ஹவுசிங் போர்டு மூன்றாவது மாடி. போவதற்கு முன்னால் குப்பத்தில் வீடு வீடாக ஏறி இறங்கினார் என்று கீர்த்தி பிறகு சொன்னாள். 'எம் புள்ள சொல்லாம போவல. அவங்கப்பன் சொல்லித்தான் போனான்.' ஒவ்வொரு வாசலிலும் இதை மட்டும் சொல்லிவிட்டு அடுத்த வாசலுக்குப் போயிருக்கிறார். யாரும் பதிலுக்கு எதுவும் கேட்கவில்லை.

அடுத்த வாரம் டில்லிபாபுவைப் பார்க்கப் போனேன். படகு நிழலில் உட்கார்ந்து வலை பிரித்துக்கொண்டிருந்தார். முகம் வற்றியிருந்தது. என்னைத் திட்டுவார் என்றுதான் போனேன். திட்டினால் எனக்குக் கொஞ்சம் லேசாகும் என்றும் நினைத்தேன்.

"ஒக்காரு மேடம்" என்றார்.

"மன்னிச்சிருங்கண்ணா. படிச்சுக் காட்டியிருக்கணும்."

அவர் சிக்கலை விடாமல் பிரித்தார். "நீ நோட்டும் கையுமா திரியற ஆளு. உன்னாண்ட சொன்னா எழுதுவேனு எனக்குத் தெரியாதா? அவ காதுக்கு எப்படியாச்சும் போவட்டும்னுதான் சொன்னேனோ இன்னாவோ. எனக்கே தெரியல. நேரா சொல்ல வாய் வரல."

"போய் அழைச்சுக்கிட்டு வாங்களேன்."

"போனேன். கதவாண்டயே நின்னேன். தண்ணி குட்தா. வான்னும் சொல்லல, போன்னும் சொல்லல."

ஒரு மாதம் கழித்து அப்சல் போன் செய்தார். முதல் பதிப்பு தீர்ந்துவிட்டது, இரண்டாம் பதிப்புக்குத் திருத்தம் ஏதும் உண்டா என்று கேட்டார். நடந்ததைச் சொன்னேன்.  "அந்தப் பகுதியை எடுத்துடலாம்மா. அலையோட விளக்கம் மட்டும் இருக்கட்டும். நீ அவங்களைக் கேட்டுட்டுச் சொல்லு" என்றார்.

புளியந்தோப்புக்குப் போனேன். மூன்று மாடி ஏறினேன். அங்கம்மா தங்கையின் பேரனுக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்து ஆச்சரியப்படவில்லை. நான் விஷயத்தைச் சொன்னேன். வெற்றியைப் பற்றி எழுதியதை எல்லாம் எடுத்துவிடுகிறோம், இனி யாரும் வந்து உங்கள் கையைப் பிடிக்க மாட்டார்கள் என்றேன்.

"எடுத்துட்டா?"

"அந்தப் புத்தகத்துல அவன் பேரே இருக்காதுக்கா."

அவர் குழந்தையின் வாயைத் துடைத்தார்.

"எடுக்காத. குப்பத்துல பாதிப் பேரு இன்னும் அவன சொல் கேக்காத புள்ளனுதான் நெனச்சிகினு கீறாங்க. நான் சொன்னா பெத்தவ அப்டித்தான் சொல்லுவானு பூடுவாங்க. அவன் அப்பன் பேச்ச கேட்டு போனான்னு எழுத்துல கீறது அது ஒண்ணுதான். இருக்கட்டும். பனியனு மட்டும் மாத்து."

நான் தலையாட்டினேன். "என் மேல கோவம் இருக்காக்கா?"

"கீது" என்றார். "நீ கேட்டுட்டு எழுதியிருக்கணும். என்னைய கேட்டிருக்கணும். அவன் எனக்குந்தானே புள்ள."

 

அவர் நாற்பத்து மூன்றாவது நாள் குப்பத்துக்குத் திரும்பினார். சமாதானம் எதுவும் நடக்கவில்லை. கீர்த்திக்கு டைபாய்டு, பார்த்துக்கொள்ள ஆள் இல்லை, அதனால் வந்தார். வந்தவர் பிறகு போகவில்லை. படத்துக்கு இப்போதும் பூ வைக்கிறார். படத்தைப் பார்த்து எதுவும் பேசுவதில்லை என்று கீர்த்தி சொன்னாள்.

இரண்டாம் பதிப்பு வந்துவிட்டது. அடுத்த புத்தகத்துக்கு அப்சல் கேட்டுக்கொண்டே இருக்கிறார். உப்பளங்களைப் பற்றி எழுதலாம் என்று ஒரு யோசனை. இருபது பக்கம் எழுதி, எழுதிய எல்லாவற்றையும் அதில் வரும் மனிதரிடமே கொண்டுபோய்ப் படித்துக் காட்டினேன். அவர் பாதியை வேண்டாம் என்றார். பாதியை அடித்தேன். மிச்சம் இருப்பது சப்பென்று இருக்கிறது. ஞாயிறு தூங்கினால் போதும் என்று பல வாரங்கள் தோன்றிவிடுகிறது.

போன வெள்ளிக்கிழமை திருவொற்றியூர் மார்க்கெட்டில் அங்கம்மாவைப் பார்த்தேன். டில்லிபாபு ஐஸ் பெட்டியை இறக்கி வைத்துவிட்டு, மனைவி பார்க்காத பக்கமாகத் தள்ளி நின்றுகொண்டிருந்தார். அங்கம்மா எனக்கு அரைக் கிலோ மடவை நிறுத்துப் போட்டார்.

"பேசறீங்களாக்கா அவரோட?" என்று மெதுவாகக் கேட்டேன்.

"சோறு ஆக்கி போட்றேன். துன்றாரு." செதிலைச் சுரண்டிக்கொண்டே சொன்னார். "அவ்ளோதான் இப்ப முடியுது."

பின்னால் ஒரு பெண் விலை கேட்டாள். அங்கம்மா அவள் பக்கம் திரும்பினார். நான் பையை வாங்கிக்கொண்டு ஷேர் ஆட்டோ நிற்குமிடத்துக்கு நடந்தேன்.