கறிவேப்பிலைக்குப் பக்கத்தில் ஒலிவ மரம்

அருள்நாயகத்துக்கு அன்று காலையிலிருந்தே இருப்புக்கொள்ளவில்லை. ஜன்னலடிக்குப் போவதும், றோட்டைப் பார்ப்பதும், திரும்பி வந்து ஒலிவ மரத் தொட்டியை அரை அங்குலம் திருப்பி வைப்பதுமாக இருந்தார்.

"இஞ்சாருங்கோ, உந்தத் தொட்டியை உருட்டினது காணும். ஒரு இடத்தில இருங்கோவன்" என்றாள் மனைவி செலீன், குசினிக்குள் சமைத்தபடி.

எப்படி இருப்பது? மூன்று மணிக்குச் சம்பந்தி எலியாஸ் வருகிறார். மகளின் கலியாணத்துக்கு இன்னும் ஆறு கிழமைதான். அந்த மனிதர் சப்பாத்தைக் கழற்றமுதலே மரத்தைத்தான் கேட்பார்.

இரண்டு வருடங்களுக்கு முன், மகள் செரீனாவின் நிச்சயதார்த்தத்துக்கு எலியாஸ் அதைக் கொண்டுவந்தார். லெபனானில் தன் தகப்பன் நட்ட மரத்தின் கிளையிலிருந்து வேர்விட வைத்த கன்று என்று சொல்லும்போதே அவருக்குக் கண் கலங்கிவிட்டது. அருள்நாயகம் சும்மா தலையாட்டியிருக்கலாம். பெற்ற பிள்ளையைப் போல் பார்ப்பேன் என்று வாக்குக் கொடுத்துத் தொலைத்தார்.

வீட்டுக்குள் மரம் வளர்ப்பது என்றால் அவருக்குத் தெரிந்தது கறிவேப்பிலை ஒன்றுதான். பதினெட்டு விண்டரைத் தாண்டி நிற்கும் அவருடைய கறிவேப்பிலையில் ஒரு கொத்து இணுங்கிக்கொண்டு போகாத தமிழ்ச் சனம் அந்த ஸ்காபரோத் தெருவில் இல்லை. அதே வைத்தியத்தை ஒலிவத்துக்கும் செய்தார். ஹீற்றருக்குப் பக்கத்தில் இடம், கதவிடுக்கில் குளிர் வராமல் பழைய துவாய், கிழமைக்கு ஒருமுறை புளித்த மோர். கறிவேப்பிலை கொழுத்தது. ஒலிவம் ஒரு பூக்கூடப் பூக்கவில்லை. இரண்டாவது விண்டர் தொடங்க இலையும் கொட்டியது.

டிசம்பரில் ஒருநாள் அருள்நாயகம் தனியாகப் போய், அதே உயரத்தில் இன்னொரு ஒலிவ மரம் வாங்கிவந்து அந்த இடத்தில் வைத்தார். பழையதைக் கராஜ் மூலைக்குத் தள்ளினார். "அது செத்துப்போச்சு. ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதையும்" என்று செலீனிடம் சொல்லிவைத்தார். குப்பையில் போட மனம் வரவில்லை. பார்க்கவும் மனம் வரவில்லை. அதற்குப் பிறகு இந்த ஏப்ரல்வரை அவர் கராஜுக்குள் கால் வைக்கவேயில்லை. காரைக்கூடப் பனிக்குள் விட்டார்.

எலியாஸ் வந்தார். உட்காரவில்லை. நேரே மரத்தடிக்குப் போய் ஓர் இலையைப் புரட்டிப் பார்த்தார்.

"இது ஸ்பெயின் ஜாதி" என்றார் ஆங்கிலத்தில், மெதுவாக. "என் அப்பாவின் மரம் எங்கே?"

ஒரு பொய்க்கு மேல் இன்னொரு பொய் சொல்ல அருள்நாயகத்துக்குத் தெம்பில்லை.

"செத்துவிட்டது. நான்தான் சாகடித்தேன். மன்னித்துக்கொள்ளுங்கள்."

எலியாஸ் கையிலிருந்த இலையை விட்டுவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பினார். அவர் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அருள்நாயகத்துக்கு மகளின் முகம் நினைவுக்கு வந்தது.

செலீன் தேத்தண்ணித் தட்டை மேசையில் வைத்தாள். "அது சாகேல்ல. ரெண்டுபேரும் வாங்கோ" என்று கைகாட்டிக் கராஜ் கதவைத் திறந்தாள்.

சின்ன ஜன்னலுக்குக் கீழே மரம் நின்றது. தொட்டி மண் ஈரமாக இருந்தது. இலைக்கு இலை கடுகளவில் கொத்துக் கொத்தாக மொட்டு.

எலியாஸ் சீமெந்துத் தரையில் முழங்காலில் இருந்துவிட்டார். தங்கள் மலையிலும் குளிர் அடிக்கும், ஒரு விண்டரின் குளிராவது படாமல் ஒலிவம் பூக்காது என்று சொல்லிச் சொல்லி ஒவ்வொரு கொத்தாகத் தொட்டார்.

அருள்நாயகம் மனைவியைப் பார்த்தார். "இவ்வளவு நாளும் நீர் தண்ணி ஊத்தினனீரோ?"

"ஓம்."

"ஏனப்பா எனக்குச் சொல்லேல்ல?"

"சொன்னால் திரும்பவும் ஹீற்றருக்குக் கிட்ட இழுத்துக்கொண்டு போயிருப்பியள்."

செலீன் என்ன சொல்கிறார் என்று எலியாஸ் கேட்டார். அருள்நாயகம் ஒரு சொல்லும் விடாமல் அவருக்கு ஆங்கிலத்தில் சொன்னார்.