மூன்று சுவர் வீடு

ஆர்ட் டைரக்டர் பிளைவுட்டில் போட்ட ஆஸ்பத்திரியில் லைட்மேன் ஒருவரின் முதுகுவலி குணமாகிவிட்டது. மருந்து கிடையாது. டாக்டர் வேஷம் போட்டவருக்கு ஊசி பிடிக்கவே தெரியாது. செட்டைப் பிரித்த அன்று சாயங்காலமே வலி திரும்பி வந்தது. அதற்கு முன்னால் போட்ட ரயில்வே ஸ்டேஷனிலும் இப்படித்தான். தண்டவாளம் பத்தடி நீளம்கூட இல்லை, ஆனாலும் ஒரு குடும்பம் பெட்டி படுக்கையோடு ரயிலில் வந்து இறங்கி, வண்டி எங்கே கிடைக்கும் என்று கேட்டது. யூனிட்டில் யாரும் அலட்டிக்கொள்ளவில்லை. மனுஷன் வேலை அவ்வளவு சுத்தம் என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போனார்கள்.

ஆர்ட் டைரக்டருக்கு மட்டும்தான் பயம். செட் நிற்கிற வரைக்கும்தான் எல்லாம், பிரித்தால் போச்சு. பூட்டிய கதவைத் திரும்பத் திரும்ப இழுத்துப் பார்க்கிற ஆசாமி, இதைத் தாங்குவாரா?

வீட்டில் மனைவிக்கு மூச்சுக் கோளாறு. ஒரு வாக்கியத்தை முடிப்பதற்குள் நாலு இடத்தில் நிற்பாள். டாக்டர்கள் கையை விரித்துவிட்டார்கள். அந்தச் சமயம் ஒரு குடும்பப் படத்துக்குச் சின்ன வீடு ஒன்று தேவைப்பட்டது. அவர் யோசிக்காமல், கல்யாணமான புதிதில் இருவரும் குடியிருந்த வாடகை அறையையே போட்டார். பாதியில் சிக்கிக்கொள்ளும் ஜன்னல், கீல் கழன்ற அலமாரி, எதுவும் விட்டுப்போகவில்லை. பார்க்க வந்தவள் கட்டிலில் உட்கார்ந்து, ஒரே மூச்சில் சொன்னாள்:

"துணிக்கொடியை இவ்வளவு உசரத்துல கட்டியிருக்கீங்களே, எனக்கு எட்டலைன்னு அப்பவே நீங்கதான இறக்கிக் கட்டினீங்க."

அத்தனை பேர் பார்க்க அவர் அழுதார். அழுது முடித்துக் கொடியை இறக்கிக் கட்டினார்.

அன்று முதல் அவள் செட்டிலேயே தங்கினாள். ஷாட் வைக்கும்போது மட்டும் ஓரமாக நகர்ந்துகொள்வாள். படம் முடிகிற கட்டம் வந்தது, தயாரிப்பாளர் செட்டைப் பிரிக்கச் சொன்னார். இவர் சொந்த வீட்டை விற்று அந்தப் படத்தையே வாங்கித் தயாரிப்பாளரானார். மற்ற தயாரிப்பாளர்கள் படத்தை முடிக்கத் தவிப்பார்கள், இவர் முடியாமல் பார்த்துக்கொள்ளத் தவித்தார். கடைசிக் காட்சி சரியில்லை என்று திரும்பத் திரும்ப எழுத வைத்தார். கல்யாணமாகிப் போன கதாநாயகி திரும்பி வந்து புதுக் கதாநாயகிக்கு அம்மாவாக நடித்தாள். டைரக்டருக்கு முடி கொட்டியது. இவரோ கேமரா பக்கத்திலேயே நின்று, எந்த ஆணி தளர்கிறது, எங்கே பெயிண்ட் உரிகிறது என்று பார்த்துக்கொண்டே இருந்தார். வந்து பக்கத்தில் உட்காருங்களேன் என்று அவள் கூப்பிடுவாள். இந்த ஓரத்தை மட்டும் பார்த்துவிட்டு வருகிறேன் என்பார். அப்படியே வருஷங்கள் போயின.

பிறகு ஸ்டுடியோவை விற்றுவிட்டார்கள். விடிந்தால் இடிக்கிற இயந்திரம் வந்துவிடும். யூனிட் ஆட்கள் போய்விட்டார்கள். அவர் கையைப் பிசைந்துகொண்டு நின்றார்.

"நாலாவது சுவரையும் போட்டுருங்க" என்றாள் மனைவி.

கேமரா நிற்கிற பக்கத்தை மூடினால் அது செட்டே இல்லை, வீடாகிவிடும், வீட்டில்தானே உனக்கு மூச்சு முட்டியது என்று அவர் பதறினார்.

"செட்டுன்னா பிரிச்சுதான் ஆகணும். வீட்டை யாருங்க பிரிப்பாங்க? உள்ள வந்து அடிங்க."

செட் சுவரை எப்போதும் பின்னாலிருந்துதான் அடிப்பார்கள், ஆணி கேமராவுக்குத் தெரியக்கூடாது. அவர் முதல் தடவையாக உள்ளே நின்று அடித்தார். ஒவ்வொரு ஆணிக்கும் சுத்தியலை நிறுத்தி, அவள் மூச்சு கேட்கிறதா என்று காது கொடுத்தார். கேட்டது. கடைசிப் பலகையை அடித்ததும் வெளியே எரிந்த விளக்கு மறைந்து இருட்டாகிவிட்டது.

"பயமா இருக்கா?" என்றாள்.

"இருக்கு."

"இருந்துட்டுப் போகட்டும். உட்காருங்க."

உட்கார்ந்தார்.

காலையில் இடிக்க வந்தவர்கள் சுற்றிலும் இருந்ததை எல்லாம் தரைமட்டமாக்கினார்கள். நடுவே வீடு ஒன்று இருக்கவே, இடிக்க நமக்கு உத்தரவில்லை என்று ஒதுங்கிப் போனார்கள். பின்னால் அங்கே தெரு வந்தது, வீட்டுக்கும் கதவு எண் கொடுத்தார்கள். எந்தச் செட்டையும் போல அதற்கும் கூரை கிடையாது, ஆனால் உள்ளே மழை விழுவதில்லை. ஷூட்டிங்கில் இருந்த மாதிரியே ஜன்னலில் எப்போதும் நாலு மணி வெயில். மழைக்காலத்தில் அக்கம்பக்கத்தார் துணி காயப்போட அங்கேதான் வருகிறார்கள். அவர் கதவைத் திறந்துவிட்டுப் போய்க் கட்டிலில் உட்கார்ந்துகொள்வார், அவள் நிறுத்தாமல் பேசிக்கொண்டிருப்பாள். கொடி தாழ்வாக இருப்பதால் யாருக்கும் சிரமமில்லை.