சர்க்கரை போடாத காப்பி

பெத்லஹேமின் அகதி முகாமில், உம் ஃபிராஸ் வீட்டு வாசலில் பிளாஸ்டிக் நாற்காலிகள் போட்டாயிற்று. அடுப்பில் காப்பி கொதித்தது, சர்க்கரை இல்லாமல். படத்தின் துக்க வீட்டுக் காட்சியை நாளைக்குத்தான் எடுப்பதாக அவளிடம் பேச்சு.

"வெளிச்சம் நல்லாருக்கு, இன்னிக்கே முடிச்சிடலாம்" என்று தயாரிப்பாளர் வஜீஹ் அவசரப்படுத்தியதும் நஹீல் தலையாட்டிவிட்டாள். இதே முகாமில் பிறந்து, நடிகையாகி, இப்போது சொந்தப் படம் எடுக்க வந்திருந்தாள். உம் ஃபிராஸ் கடைத்தெருவுக்குப் போயிருந்தாள். வந்ததும் சொல்லிக்கொள்ளலாம் என்று நஹீல் விட்டுவிட்டாள்.

உம் ஃபிராஸின் மகன் ஃபிராஸ் சிறையில் இருந்தான். அவனைப் பார்க்க விட்டே பல மாதமாகிறது.

பக்கத்து வீட்டு ரஸ்மிய்யா எட்டிப் பார்த்தாள். துணை நடிகை ஒருத்தி பழக்கதோஷத்தில் அவளிடமும் ஒரு கோப்பையை நீட்டினாள். ஒரு வாய் குடித்தாள் ரஸ்மிய்யா. கசப்பு. சாவு வீட்டில் தரும் காப்பி.

"ஐயோ, ஃபிராஸ்" என்று அவள் போட்ட கூச்சலில் சந்தே திரண்டது.

அந்த நேரம் பார்த்துக் கீரைக்கட்டோடு திரும்பிய உம் ஃபிராஸ், நாற்காலிகளைப் பார்த்தாள். அழும் பெண்களைப் பார்த்தாள். கட்டு கைநழுவியது. கீரைமேலேயே விழுந்து உட்கார்ந்தாள்.

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. அவள் முகம் தெளிவாக விழுகிறதா என்று நஹீலின் கண் ஒரு கணம் திரைக்குப் போய்வந்தது. அதற்குப் பிறகுதான் ஓடினாள்.

"படம்மா இது, வெறும் நடிப்பு. ஃபிராஸுக்கு ஒண்ணும் ஆகல. தப்பு என்னோடது."

உம் ஃபிராஸ் அவளை வெறித்தாள். நஹீல் குனிந்து சிதறிய கீரையைப் பொறுக்கத் தொடங்கினாள்.

வஜீஹ் தட்டிலிருந்த பேரீச்சம்பழத்தை மென்றுகொண்டே வந்தான். "இந்த அழுகைய எந்த நடிகை குடுப்பா? விழாவுல எழுந்து நின்னு கை தட்டுவாங்க. நம்ம வேதனை உலகத்துக்குத் தெரியணும்னு மேடைக்கு மேடை நீதானே பேசற?"

அவள் பேசியதுதான். அவன் வாயில், பழத்தின் கூழோடு அந்த வார்த்தைகளைக் கேட்டபோது அவை ஊசிப்போன சோறு போல் நாறின.

"அழிச்சிடு" என்றாள் கேமராக்காரனிடம்.

"அழிச்சா நான் இந்தப் படத்துல இல்ல" என்றான் வஜீஹ்.

"கொட்டையை வெளிய போய்த் துப்பு."

கேமராக்காரன் அழித்தான். வஜீஹ் காரில் ஏறிப் போனான். படம் நின்றது.

நஹீல் கசப்புக் காப்பியைச் சாக்கடையில் கொட்டினாள். பாத்திரத்தைத் தேய்த்துக் கழுவி, புதுக் காப்பி வைத்துச் சர்க்கரை போட்டாள்.

பின்னாலிருந்து உம் ஃபிராஸின் குரல் கேட்டது. "இன்னும் போடு. எம்புள்ள உயிரோட இருக்கான், கஞ்சத்தனம் எதுக்கு?"

நஹீல் தட்டைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாகப் போனாள். "ஃபிராஸ் நல்லாருக்கான், அல்ஹம்துலில்லாஹ். இனிப்புக் காப்பி, குடிங்க."

"டிவில அழற பொண்ணு வீட்டு வாசல்ல காப்பி விக்குது பாரு" என்று ரஸ்மிய்யா மூக்கை உறிஞ்சிக்கொண்டே வாங்கிக் குடித்தாள். "பாகாட்டம் இருக்கு."

"இருக்கட்டும்" என்றாள் உம் ஃபிராஸ்.

நஹீலின் தட்டில் கோப்பைகள் ஒன்றோடொன்று மோதின. உம் ஃபிராஸ் தட்டின் மறுபக்கத்தைப் பிடித்துக்கொண்டாள். இருவருமாக அடுத்த வாசலுக்கு நடந்தார்கள்.