புழங்காத பெயர்

குழந்தைக்குப் பெயர் முடிவாகிவிட்டது என்று லிஃப்ட் மெக்கானிக் நிம்மதியாக இருந்தான். அந்த நிம்மதிக்கு ஆயுசு ஒரு சாப்பாட்டு நேரம்தான்.

பெயரைத் தேர்ந்தெடுத்தது அவன் மனைவி. கண்ணாடிக் கடையில் லென்ஸைத் தேய்த்து ஃபிரேமில் பொருத்துகிற வேலை அவளுக்கு. மயிரிழை பிசகினாலும் கழற்றிவிட்டு மறுபடி செய்கிற கை. வயிற்றில் குழந்தை உதைக்கத் தொடங்கிய நாளிலிருந்தே அவள் பெயர் தேடிக்கொண்டிருந்தாள். அவன் சொன்னதையெல்லாம் தட்டிக் கழித்தாள். ஒருநாள் காலையில் பல் தேய்த்துக்கொண்டே, வாய் நிறைய நுரையோடு, "தாரா" என்றாள். ஏதோ தரச் சொல்கிறாள் என்று நினைத்து அவன் துண்டை எடுத்து நீட்டினான்.

அவள் வாயைக் கொப்பளித்துவிட்டு வந்தாள். "பேருங்க. பொண்ணா இருந்தா தாரா."

"அர்த்தம்?"

"நட்சத்திரம்."

"பையனா இருந்தா?"

"அதை நீங்க பாத்துக்குங்க."

அவன் பார்க்கவேண்டிய அவசியம் வரவில்லை. பெண்தான் பிறந்தாள். தலையில் முடியே இல்லாமல், ஆனால் குரலில் ஒரு குறையும் இல்லாமல் பிறந்தாள்.

மனைவி தேறி எழுந்த பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் நெருங்கிய சொந்தங்களை மட்டும் சாப்பிடக் கூப்பிட்டார்கள். மனைவியின் அண்ணன் வந்தான். கோழித் தீவனக் கடை வைத்திருப்பவன், வாய் ஓயாதவன். மெக்கானிக்கின் அக்கா வந்தாள். பெண்களுக்கான முடிதிருத்தும் கடை அவளுடையது. மனைவியின் அம்மா ஏற்கெனவே அங்கேதான் இருந்தார். பேருந்து நிறுவனத்தின் உதிரிப்பாகக் கிடங்கைப் பார்த்துக்கொள்கிறவர், பேத்திக்காக விடுப்பு எடுத்துக்கொண்டு வந்திருந்தார்.

எல்லோரும் தட்டில் கை வைத்ததும் மெக்கானிக் தொண்டையைக் கனைத்துக்கொண்டு பெயரைச் சொன்னான்.

தீவனக்காரனுக்குப் புரையேறியது. தண்ணீர் குடித்து, கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்து, மறுபடி சிரித்து, கடைசியில் சொன்னான்: "மாப்ளே, தாரான்னா வாத்து!"

"எந்த மொழியில?"

"தமிழ்லதான்யா! அகராதியைப் பாரு. எங்க கடையில தாராத் தீவனம்னே தனியா மூட்டை போட்டு வெச்சிருக்கேன். அதைத் தின்னா ஒரே மாசத்துல என்ன எடை ஏறும் தெரியுமா?"

அக்காவுக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை. "அதனால என்னடா? தாராளமா வைக்கலாம்" என்றாள். சொன்ன பிறகுதான் தன் ஹாஸ்யம் அவளுக்கே புரிந்தது. அதற்காக இன்னொரு முறை சிரித்தாள்.

கை கழுவுவதற்குள் குழந்தை 'குவாக்' ஆகிவிட்டது. தீவனக்காரன் தொட்டிலுக்கு மேல் குனிந்து உதட்டைக் குவித்து அப்படியே கூப்பிட்டான். குழந்தை அவனைப் பார்த்து வாயைத் திறந்தது. "பாத்தியா, பதில் சொல்றா!"

மனைவியும் சிரித்தாள். ஆனால் அவள் தட்டில் பாதிச் சாப்பாடு அப்படியே இருந்ததை மெக்கானிக் பார்த்தான். மறுநாள் காலையில் அவள் ஒரு சண்டையும் போடாமல், "வேற பேர் பாக்கலாங்க" என்றாள்.

வேறு பெயர் என்றால் கடையில் விற்கிற கத்திரிக்காயா, இது சொத்தை என்றால் அடுத்ததை எடுக்க? மெக்கானிக்கிடம் சில பெயர்கள் கைவசம் இருந்தன. அவற்றைக் கொண்டுபோய் அக்காவின் கடையில் சொல்லிப் பார்த்தான். அக்கா ஒரு வாடிக்கையாளரின் நனைந்த தலையை வாரிக்கொண்டே ஒவ்வொன்றையும் கத்தரித்தாள்.

"அந்தப் பேரா? வேணாண்டா. அந்தப் பேர்ல வர்றவ முடி வெட்டும்போது பேசிக்கிட்டே தலையைத் திருப்புவா. ஒருநாள் காது என் கையில வந்துடும்."

"சரி, இது?"

"இதுவா? வாங்கிட்டுப் போன சீப்பை இன்னும் குடுக்கல."

"இது ரொம்பப் புதுசுக்கா. யாருக்கும் இருக்காது."

"எங்க எதிர்வீட்டு நாய்க்கு இருக்கு. கடிக்கும் வேற."

முடி வெட்டும் நாற்காலியில் உட்காராத பெயரே உலகத்தில் இல்லை போலிருந்தது. மெக்கானிக் கடையை விட்டு வெளியே வந்தபோது, நாற்காலியில் இருந்த அம்மாள் பின்னாலிருந்து கூப்பிட்டு, "எம் பேரை வையேன் தம்பி" என்றார். அக்கா அவர் தலைக்குப் பின்னால் நின்று, வேண்டாம் என்று கத்தரிக்கோலை ஆட்டினாள்.

அந்த வாரமே, பல கடைகளும் அலுவலகங்களும் இருக்கிற ஒரு கட்டடத்தில் லிஃப்ட்டைச் சோதிக்கும் வேலை வந்தது. மெக்கானிக் மேல் மாடியில், லிஃப்ட் கூண்டின் தலைமேல் நின்றிருந்தான். அடியில், குழிக்குள், அவன் கூட்டாளி இருந்தான். ஆள் ஆறடிக்கு மேல் இருப்பான். அதனால் அவனுக்குக் 'குட்டை' என்று பெயர். வாக்கி-டாக்கியில் சார்ஜ் தீர்ந்துபோனதால் இருவரும் கத்தித்தான் பேசிக்கொண்டார்கள்.

கத்திக் கத்திக் களைத்தபோது மெக்கானிக்குக்கு ஒரு யோசனை வந்தது. மாடியில் நின்று கூப்பிட்டால் தெருவில் விளையாடுகிற பிள்ளைக்குக் கேட்க வேண்டும். பெயர் என்றால் அதற்குத்தானே?

"குட்டை! நான் பேரா சொல்லிக்கிட்டு வரேன். எது தெளிவா கேக்குதுன்னு சொல்லு!"

"என்ன விளையாட்டு இது?"

"சொல்லுடா!"

ஒரு பெயரைக் கத்தினான். "பாதிதான் வந்துச்சு!" என்று கீழேயிருந்து குரல் வந்தது. இன்னொன்று சுவரில் மோதிச் சிதறியது. வேறொன்றைக் கேட்டுவிட்டுக் குட்டை, "திட்டுறியா?" என்றான். கடைசியில், வேண்டாமென்று விட்டதுதான் என்றாலும் பார்த்துவிடுவோமே என்று, நெஞ்சு நிறைய மூச்சிழுத்து, "தாராஆஆ!" என்றான். கிணற்றில் போட்ட கல்லைப்போல அது நேராக அடிவரை போயிற்று.

"இது சூப்பர்!" என்றான் குட்டை.

"யாரு?" என்றது இன்னொரு குரல்.

இடையில் ஒரு தளத்தில், வேலைக்காகத் திறந்து வைத்துத் தடுப்புப் போட்டிருந்த லிஃப்ட் வாசலில், முகக்கவசமும் கையுறையுமாக ஒரு பெண் நின்று மேலே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தத் தளத்துப் பல் டாக்டர்.

"யாருப்பா என்னைக் கூப்பிட்டது? ஒருத்தர் வாயில பஞ்சை வெச்சுட்டு ஓடி வந்திருக்கேன்."

மெக்கானிக் கூண்டின் விளிம்பில் குனிந்தான். "உங்களை இல்லீங்க. என் குழந்தையை" என்றான்.

"குழந்தை லிஃப்டுக்குள்ளயா இருக்கு?" டாக்டர் பதறிப்போனார்.

அவரைச் சமாதானப்படுத்தி, படி வழியாக இறங்கி வந்து, மன்னிப்புக் கேட்டு, விஷயத்தை முழுக்கச் சொல்லி முடித்தான். டாக்டர் முகக்கவசத்தைக் கீழே இழுத்துவிட்டுச் சிரித்தார்.

"எங்க குடும்பம் வேற மொழி பேசற குடும்பம்ப்பா. எங்க பாட்டன் பூட்டன் நாட்டுல ஒரு மேடு இருக்கு. ராஜாக்களுக்கெல்லாம் அங்கதான் பட்டம் கட்டுவாங்களாம். அந்த மேட்டுப் பேருதான் எனக்கு. இங்க வந்து தமிழ் கத்துக்கிட்டப்புறம் நட்சத்திரம்னு சொன்னாங்க. கூடப் படிச்ச ஒருத்தி, அது எங்க தேவி பேரு, கரை சேக்கறவன்னு அர்த்தம்னா. வாத்துன்னு இப்பத்தான் கேக்கறேன்." கொஞ்சம் யோசித்தார். "பல்லே இல்லாத பறவை. எனக்கு அதால ஒரு வருமானமும் இல்ல."

உள்ளேயிருந்து பஞ்சு வாயோடு யாரோ "ம்ம்ம்!" என்றார்கள். டாக்டர் ஓடினார்.

மெக்கானிக் அன்று சாயங்காலம் வீட்டுக்கு வரும்போது படியில் ஏறவில்லை, பறந்தான். மனைவி ஜன்னலோரம் குழந்தையைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டிருந்தாள். மாமியார் மேசைமேல் விரிப்பைப் போட்டுச் சின்னச் சின்னச் சட்டைகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். அவன் செருப்பைக்கூடக் கழற்றாமல் எல்லாவற்றையும் கொட்டினான். மேடு, ராஜாக்கள், தேவி, கரை சேர்ப்பவள்.

"இத்தனை இருக்கு! வாத்து அதுல ஒண்ணு, அவ்வளவுதான்!"

மனைவி முகம் மலரவில்லை. "இப்ப மேடும் ஏறிடுச்சா அதுமேல?" என்றாள்.

"ஏம்மா, நல்ல அர்த்தம்தானே எல்லாம்?"

"எனக்கு அர்த்தம் வேணாங்க." குழந்தையைத் தொட்டிலில் விட்டாள். "என் பேரு செத்துப்போன சித்தியோடது. உங்களுக்குத் தெரியும்ல? சின்ன வயசுல வீட்டுக்கு யாரு வந்தாலும் என் பேரைக் கேப்பாங்க. நான் சொல்வேன். உடனே ஒரு பெருமூச்சு. அப்படியே அவளேதான்னு கண்ணைத் தொடச்சுக்குவாங்க. நான் என்ன பண்ணேன்? பேரைத்தானே சொன்னேன்? வேற யாரோ போட்ட சட்டையை மாட்டிக்கிட்டே வளந்த மாதிரி இருக்கும் எனக்கு. இவளுக்காவது ரெண்டு குடும்பத்துலயும் யாரும் தொடாத பேரா, புத்தம் புதுசா ஒண்ணு வைக்கணும்னு பாத்தேன். அண்ணன் ஒரே வாய்ச் சோத்துல அதையும் அழுக்காக்கிட்டான்."

கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவள் இதைச் சொன்னதில்லை. மெக்கானிக் ஒரு செருப்பைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றான்.

மாமியார் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தார்.

"அது அவ போட்ட சட்டைன்னு உனக்கு யாருடீ சொன்னது?"

"யாரு சொல்லணும்? அவங்க பேருதானே?"

"பேருதான். ஆனா அதைச் சொல்லி அவளை ஒரு ஆள் கூப்பிட்டதில்ல. ஸ்கூல்ல டீச்சர் ரெஜிஸ்டரைப் பாத்து அந்தப் பேரைப் படிச்சா, பக்கத்துல உக்காந்திருக்கறவ அவளை இடிக்கணும், அப்பதான் எழுந்து நிப்பா. வீட்ல அவ சுண்டு. தெருவுல சுண்டு. ஆஸ்பத்திரியில நர்ஸுங்களுக்குக்கூட கடைசி வரைக்கும் சுண்டுதான்."

மாமியார் அடுத்த சட்டையை எடுத்து விரித்தார்.

"அவ போன மறுவருஷம் நீ பொறந்தே. அவ பேரை வைன்னு எல்லாரும் சொன்னாங்க. சுண்டுன்னு உன்னை எப்படிக் கூப்பிடறது? எனக்கு வாயே வரல. கூப்பிட்டா அவ வந்து நின்னுடுவாளோன்னு இருந்துச்சு. வந்து நிக்காம போயிட்டா அதுவும் தாங்காது. அதான், அவ புழங்காம விட்டுட்டுப் போனதை உனக்கு வெச்சோம்." சட்டையை மடித்தார். "எங்க கிடங்குல பிரிக்காத பெட்டி இருக்கும் பாரு, மேல பழைய தேதி போட்டிருக்கும், உள்ள சாமான் பளபளன்னு இருக்கும். அது மாதிரி. அந்தப் பேரை முதமுதல்ல புழங்கினதே நீதான்."

மகள் அம்மாவின் அருகே வந்தாள். "அப்புறம் ஏம்மா எல்லாரும் பெருமூச்சு விட்டாங்க?"

"பேருக்கா விட்டாங்க? உன் மூக்குக்கு விட்டாங்க. மூக்கு அச்சு அசல் அவளோடதுதான். அதுக்கு நான் ஒண்ணும் பண்ண முடியாது."

அவளுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. மூக்கைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பித் தன் பெயரைத் தானே ஒருமுறை, யாரையோ கூப்பிடுவதுபோலச் சொல்லிப் பார்த்தாள். இவ்வளவு நாளும் இந்தப் பெயருக்குள் யாரோ ஏற்கெனவே உட்கார்ந்திருக்கிறார்கள் என்று ஓரமாகவே நின்றுவிட்டோமே என்று இருந்தது. உள்ளே ஒருவரும் இல்லை. வீடு காலியாகத்தான் இருந்திருக்கிறது.

அழுகை அடங்கியதும் அண்ணனுக்குப் போன் போட்டாள்.

"அண்ணா, பேரு தாராதான்."

"ஐயோ, நான் சும்மா விளையாட்டுக்குச் சொன்னேம்மா. நீ மனசுல வெச்சுக்கிட்டியா? உங்க அண்ணி அன்னிலேருந்து என்னைத் திட்டிக்கிட்டே இருக்கா."

"நீ சொன்னது சரிதான். வாத்தும்தான், மேடும்தான், நட்சத்திரமும்தான். அவ வளந்து அவளுக்கு எது வேணுமோ எடுத்துக்கட்டும். எதுவும் வேணாம்னா விட்டுடட்டும். ஆனா இன்னொரு தடவை குவாக்குன்னு கூப்பிட்டே, உன் கண்ணாடிக்கு லென்ஸ் போடறது நான்தான். தலை சுத்தற பவர்ல மாட்டி விட்டுடுவேன்."

"தாயே, தாரா. தாரா. போதுமா?"

அடுத்த வாரம் மாமியார், குழந்தையோடு நால்வருமாகப் பதிவு அலுவலகத்துக்குப் போனார்கள். கவுன்ட்டரில் இருந்தவர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் தட்டச்சு செய்தார். அர்த்தம் கேட்கவில்லை. கேட்டால் சொல்வதற்கு மெக்கானிக் வரிசையாகத் தயாராக வைத்திருந்தான். அவனுக்குத்தான் சற்று ஏமாற்றம்.

திரும்பும்போது பேருந்தில் உட்கார இடம் கிடைத்தது. மாமியாரைத் தெரிந்த டிரைவர் என்பதால் ஒரு சலாமும் கிடைத்தது. குழந்தை அப்பாவின் மடியில் தூங்கியது. மனைவி அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். கொஞ்ச தூரம் போனதும் மெதுவாகக் கேட்டாள்.

"சுண்டு சித்தி எப்படிம்மா இருப்பாங்க?"

பிறந்ததிலிருந்து அவள் கேட்காத கேள்வி அது. அம்மா எதிர் சீட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளியே பார்த்தார். பிறகு அவர் உதட்டோரம் கோணியது.

"எப்படி இருப்பா... பொய் சொல்வா. வாயைத் தொறந்தா பொய். ஒரு தடவை பாரு, பரீட்சையில ஃபெயிலாயிட்டு வந்து, பேப்பர் திருத்துற டீச்சருக்குக் கண்ணு தெரியலன்னு சொல்லி, எங்கப்பாவை நம்ப வெச்சு, அந்த டீச்சர் வீட்டுக்கு அவரு ஒரு பை பழத்தோட போய் நின்னு..."

மகள் சிரிக்கத் தொடங்கினாள். அம்மாவும் சிரித்தார். அந்த டீச்சர் கதவைத் திறந்ததும் என்ன ஆயிற்று என்று சொல்ல முடியாமல் சிரித்தார். முன்னால் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

இறங்க வேண்டிய நிறுத்தம் வந்தது. மெக்கானிக் சிரித்துக்கொண்டிருந்த இருவரையும் பார்த்தான். டிரைவரும் கண்ணாடியில் பார்த்து, இறங்கவில்லையா என்று புருவத்தை உயர்த்தினார். மெக்கானிக் வேண்டாம் என்று தலையசைத்தான். கதவு மூடிக்கொண்டது, பேருந்து கிளம்பியது.