பிராவிடன்ஸின் பின்னால் வந்த கண்ணி

1940 செப்டம்பரில் ஒரு திங்கட்கிழமை காலை, பிராவிடன்ஸ் படகின் பின்னாலேயே ஒரு கடல் கண்ணிவெடி நாய்க்குட்டி மாதிரி ஸ்கார்னஸ் துறைக்குள் வந்து சேர்ந்தது. படகின் இயந்திரக்காரன் டாட் மேருக்கு அந்த நாள் நினைவிருப்பதைவிட, அதற்கு இரண்டு நாள் முந்திய சனிக்கிழமைதான் நன்றாக நினைவிருந்தது. அன்று சாயங்காலம் மீன் புகைபோடும் கொட்டகைச் சுவரோரம் இஸி ஃபின்ட்லே அவனிடம் பேசியதை அவன் ஐந்து வருடம் ஒரு சொல் விடாமல் வைத்திருந்தான்.

"ஏதாவது கேக்கணும்னா கேளு டாட். அரை மணி நேரமா தொப்பியத்தான் பிசைஞ்சிட்டிருக்க."

"இல்ல இஸி, மெதுவா கேக்கலாம்னு…"

"மெதுவா கேட்ட ஒருத்தன ஏற்கெனவே பாத்தாச்சு. இதே சுவர்தான். காதுக்குள்ள ஓதினான். அடுத்த மாசம் பீட்டர்ஹெட் ஊர்க்காரி ஒருத்தியக் கட்டிக்கிட்டு, நான் எப்ப கேட்டேன்னான். சாட்சிக்கு ஒரு கடல்காக்கா கூட இல்ல. உனக்கு வேணும்னா படகுத்துறையில நின்னு ஊரே கேக்கற மாதிரி கேளு. இல்லன்னா கேக்கவே வேணாம்."

"சரி. திங்கக்கிழமை கேக்கறேன்."

டாட் பொய் சொல்கிறவன் அல்ல. கொதிகலன் பக்கத்தில் நின்றால் அவன் குரல் எருது மாதிரி இருக்கும். ஏணியில் நாலு படி ஏறி மேல்தட்டுக்கு வந்துவிட்டால் அதே குரல் தொண்டையிலேயே தங்கிவிடும். அது அவன் அப்பாவுக்கும் இருந்த குறை.

போர் தொடங்கியதும் கடற்படை அந்தக் கரையின் மீன்பிடி படகுகளை எல்லாம் எடுத்துக்கொண்டது. வலையைக் கழற்றிவிட்டு எஃகு வடத்தைக் கட்டிக் கொடுத்து, இனி மீன் வேண்டாம், எதிரி விதைத்துவிட்டுப் போகும் கண்ணிகளை வாரி எடுங்கள் என்றது. அடித்தரையில் சங்கிலியால் கட்டப்பட்ட கண்ணியின் சங்கிலியை வடம் அறுக்கும். கண்ணி மேலே மிதந்து வரும். துப்பாக்கியால் சுட்டு அதை மூழ்கடிக்க வேண்டும். அந்த ஞாயிற்றுக்கிழமை அப்படித்தான் கறுப்பாக, தொட்டால் வெடிக்க வேண்டிய பதினோரு கொம்போடு, பசுங்கன்று அளவில் ஒன்று மேலே வந்தது. படகில் மேற்பார்வைக்கு இருந்த இளம் லெப்டினன்ட் பெல்லம் சுடச் சொன்னார். படகுத் தலைவர் வாட்டி ஸ்லேட்டர் துப்பாக்கியைக் கீழே வைத்தார். ஓய்வுநாளில் குழியில் விழுந்த மாட்டைத் தூக்கிவிடலாம் என்று வேதத்தில் இருக்கிறது, அதனால்தான் வாருவதற்கு ஒப்புக்கொண்டோம், தூக்கிய மாட்டை அறுக்கலாம் என்று எந்த அதிகாரத்திலும் இல்லை என்றார். படகாட்கள் ஏழு பேரும் தலையாட்டினார்கள். திங்கட்கிழமை வரைக்கும் இருக்கட்டும் என்று விட்டுவிட்டு எல்லோரும் வேதத்தின் சங்கீதம் பாடினார்கள்.

திங்கட்கிழமை விடிந்தபோது கண்ணி படகின் இடது விலாவில் ஒட்டிக்கொண்டு கிடந்தது. உயிர்ப்பிச்சை கொடுத்தவர்களை அது அடையாளம் கண்டுகொண்டதாக வாட்டி நினைத்தார். விலக்கித் தள்ளிவிட்டு நாற்பது குண்டு சுட்டார்கள். ஒவ்வொரு குண்டுக்கும் அது தண்ணீருக்குள் முங்கி, கொஞ்சம் தள்ளி எழுந்து, மறுபடி விலாவுக்கு வந்தது. எரிச்சலில் லெப்டினன்ட், பன்றி மாதிரி பிடிவாதம் என்று சொல்லிவிட்டார். கடலில் அந்த மிருகத்தின் பெயரைச் சொல்லக் கூடாது, யாராவது சொல்லிவிட்டால் உடனே இரும்பைத் தொட வேண்டும் என்பது அவருக்குத் தெரியாது. ஏழு பேரும் கைக்கு எட்டிய முதல் இரும்பைத் தொட்டார்கள். அதில் மூன்று பேருக்கு எட்டியது கண்ணி. தொட்டபிறகுதான் எதைத் தொட்டோம் என்று பார்த்தார்கள். அது வெடிக்கவில்லை. பூனை மாதிரி உள்ளுக்குள் மெல்ல உறுமியது.

தொடுவதால் ஆபத்து இல்லை என்று தெரிந்துவிட்டது. ஆனால் லெப்டினன்ட் வைத்திருந்த கையேட்டில், எதிரி புதிதாகச் செய்திருக்கும் சில கண்ணிகள் சத்தம் கேட்டால் வெடிக்கும் என்று இருந்தது. எந்தச் சில என்று இல்லை. படகின் இயந்திரச் சத்தம் அதற்குத் தாயின் குரல் மாதிரி பழகிவிட்டது, புதுக் குரல் எப்படியோ யாருக்குத் தெரியும் என்று ஊர்க்கூட்டத்தில் கிசுகிசுப்பாகப் பேசி, துறையைச் சுற்றி அரை மைலுக்குள் யாரும் உரக்கப் பேசுவதில்லை என்று முடிவெடுத்தார்கள். ஸ்கார்னஸில் மொத்தமே அரை மைல்தான்.

அதன்பிறகு அந்த ஊர் ஐந்து வருடம் சத்தம் போடவில்லை. தேவாலயத்தில் சங்கீதங்களை மூக்கால் பாடினார்கள். கம்பளிச் செருப்பு இரண்டு ஷில்லிங்கிலிருந்து ஐந்து ஷில்லிங் ஆயிற்று. அந்தக் குளிர்காலம் பிறந்த ஏழு குழந்தைகளும் உதட்டைப் பிதுக்குவதோடு நிறுத்திக்கொண்டன. கடல்காகங்கள் கூடப் பக்கத்து ஊருக்குப் போய்க் கத்திவிட்டு வந்தன. முப்பது வருடமாகச் சண்டை போட்ட தம்பதிகள், திட்டுவதைக் காதோரம் போய்த்தான் திட்ட வேண்டியிருந்ததால், சமாதானமாகிவிட்டார்கள். கண்ணிக்கு பெஸ் என்று பெயர் வந்தது. யார் வைத்தார்கள் என்று பின்னால் யாரும் ஒப்புக்கொள்ளவில்லை. லெப்டினன்ட் தலைமையிடத்துக்கு எழுதிக் கேட்டதற்கு, அதற்கு உணவு கொடுக்க வேண்டாம் என்று ஒரு வரியில் பதில் வந்தது.

கடலில் பெஸ் உபயோகமாகத்தான் இருந்தது. அது போகிற வழியில் மற்றக் கண்ணிகள் வெட்கப்பட்ட மாதிரி ஒதுங்கி, தாமாகவே மேலே வந்து நின்றன. 1942இல் பெர்விக் பக்கம் ஒரு எதிரி நீர்மூழ்கி தலைநீட்டியபோது, தபால்காரனைக் கண்ட நாய் மாதிரி அதை நோக்கி ஓடியது. நீர்மூழ்கி போன வேகத்தில் ஒரு காபிக் கெட்டிலை விட்டுவிட்டுப் போயிற்று. அந்தக் கெட்டில் பிராவிடன்ஸ் சமையலறையில் கடைசி வரை இருந்தது.

டாட்டுக்கு இதில் நிம்மதியும் வெட்கமும் சம அளவில் இருந்தன. உரக்கப் பேசக் கூடாது என்று ஊரே சொல்லும்போது அவன் என்ன செய்ய முடியும். உருமறைப்பு வலை பின்னும் கூடத்துக்குப் போகும் வழியில் இஸி துறையில் நின்று அவனைப் பார்ப்பாள். அவன் கண்ணியைக் காட்டுவான். அவள் உதட்டசைவில், நல்ல சாக்கு, என்பாள். ஆனால் ஒவ்வொரு திங்கட்கிழமையும் படகு துறையை விட்டு வெளியேறியதும் அவன் கொதிகலன் முன்னால் நின்று, பிஸ்டன் சத்தத்துக்கு மேலே, இஸியிடம் கேட்க வேண்டியதை முழுக் குரலில் சொல்லிப் பார்ப்பான். சரியாக வரவில்லை என்று செவ்வாயும் சொல்லுவான். யாருக்கும் கேட்காது என்று நினைத்தான். கரித்தூள் அப்பிய தகட்டுக்கு அந்தப் பக்கம், ஒரு சாண் தள்ளி, பெஸ் ஒட்டிக்கொண்டு வரும்.

1945 மே மாதம் போர் முடிந்தது. மற்ற ஊர்களில் மணி அடித்தார்கள். ஸ்கார்னஸில் கைக்குட்டை ஆட்டினார்கள். அடுத்த வாரம் இஸி, லோஸ்டாஃப்டில் இருக்கும் அக்காவிடம் போய் அங்கேயே இருந்துவிடுவதென்று முடிவு செய்தாள். முப்பத்தைந்து வயதாகிறது, கிசுகிசுக்கிற ஊரில் இன்னும் எத்தனை நாள் காது தீட்டிக்கொண்டு நிற்பது என்று வலைக்கூடத்துப் பெண்களிடம் சொன்னாளாம். திங்கட்கிழமை காலை பேருந்து துறையிலிருந்து புறப்படும்.

அன்று காலை பிராவிடன்ஸ் நீராவி ஏற்றி நின்றது. டாட் மேல்தட்டுக்கு வந்து, இஸியின் மரப்பெட்டியைப் பேருந்து ஓட்டுநர் தூக்கப் போவதைப் பார்த்தான். பெஸ் படகுக்கும் துறைச் சுவருக்கும் நடுவே தூங்கிக்கொண்டிருந்தது. வாட்டி அவன் காதருகே வந்தார்.

"டேய், போய்க் கேளுடா."

"பெஸ் இருக்கே மாமா. சத்தம் போட்டா ஊரே போயிடும்."

"அந்தச் சனியன் அஞ்சு வருஷமா அதத்தானேடா கேட்டுட்டு வருது. நீராவிக் குழாய் வழியா எங்களுக்கும்தான் கேக்குது. லெப்டினன்ட் வரைக்கும் மனப்பாடம். தெரியாதவ அவ ஒருத்திதான்."

டாட்டின் காது சிவந்தது. அவன் கண்ணியைப் பார்த்தான். பேருந்தைப் பார்த்தான். ஏறக்குறைய ஐந்து வருடத்தில் இருநூற்று நாற்பது திங்கட்கிழமை போயிருந்தது. பிறகு கொதிகலன் முன்னால் நிற்பது மாதிரியே காலை அகட்டி வைத்துக்கொண்டு, "இஸி" என்று கூப்பிட்டான்.

அப்படி ஒரு சத்தத்தை ஊர் மறந்தே போயிருந்தது. ரொட்டிக் கடைக்காரர் மாவோடு தரையில் படுத்தார். பெண்கள் பிள்ளைகளின் காதைப் பொத்தினார்கள். பேருந்து ஓட்டுநர் பெட்டியின் பின்னால் பதுங்கினார். துறையில் நின்ற அத்தனை பேரும் கண்ணை இறுக மூடிக்கொண்டு பத்து வரை எண்ணினார்கள். பெஸ், மாடு காதைத் திருப்புவது மாதிரி ஒரு கொம்பைக் குரல் வந்த பக்கம் திருப்பியது. அடுத்து வர வேண்டிய வாக்கியம் எங்கே என்று கேட்கிறது போல, படகின் விலாவை இரண்டு தடவை இடித்தது. அவ்வளவுதான்.

இஸி ஓட்டுநரை நகரச் சொல்லிவிட்டு, மரப்பெட்டியைத் துறையின் நடுவே இழுத்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்தாள்.

"பேரு கேட்டுது. மிச்சத்தச் சொல்லு."

டாட் மூச்சை இழுத்தான். அவனோடு சேர்ந்து மேல்தட்டில் ஆறு பேரின் உதடும் அசைந்தது.

"இஸி ஃபின்ட்லே, நான் டாட் மேர், கேக்கறேன். ஊரே சாட்சி. நாளைக்கு இல்லன்னு சொல்ல மாட்டேன். என்னக் கட்டிக்கிறியா?"