கேட்ட இடம்: படிக்கட்டு

அகராதி அலுவலகத்தில் ‘ந’ பெட்டிக்குள் காபியைக் கொட்டியது நான்தான். பெட்டி திறந்திருந்தது, கையில் குவளை, வாயில் முந்தின நாள் வீட்டில் சொன்ன அதே குடைக் கதை. கையை ஆட்டாமல் எனக்குக் கதை வராது. கதை முடிவதற்குள் குவளை காலி. நானூறு சொற்சீட்டுகள் நனைந்தன. சிரித்தது நான் ஒருவன்தான்.

நனைத்தவனே காய வைக்கட்டும் என்றார் தலைமைப் பதிப்பாசிரியர். ஜன்னலோரம் கயிறு கட்டி, சீட்டுகளை ஒவ்வொன்றாக ஒற்றியெடுத்துத் தொங்கவிட்டேன்.

வெள்ளைச் சீட்டு என்னுடையது. ஒரு சொல்லுக்கு நூல்களில் என்ன பொருள் என்று எழுதுவேன். மஞ்சள் சீட்டு பேச்சு வழக்கு எழுதுபவருடையது. வந்து ஆறு மாதம்தான் ஆகிறது. காதைத் தீட்டிக்கொண்டு திரிவதால் ‘காதுக்காரர்’ என்று பெயர் வைத்தேன். மஞ்சள் சீட்டில் கேட்ட இடம், சொன்னவர் இரண்டும் கட்டாயம் இருக்க வேண்டும்.

‘நமட்டுச் சிரிப்பு’ வந்தது. என் வெள்ளைச் சீட்டு: ‘உதடு திறவாமல், பிறர் அறியாதவாறு அடக்கிச் சிரிப்பது, பெரும்பாலும் ஏளனம் குறித்தது.’ அந்தப் ‘பெரும்பாலும்’ போட அரை நாள் யோசித்திருந்தேன்.

பின்னால் ஒட்டிக்கொண்டிருந்த மஞ்சள் சீட்டு: ‘பாதிச் சிரிப்பைப் பிற்பாடு சிரிக்க எடுத்து வைப்பது. கேட்ட இடம்: படிக்கட்டு. சொன்னவர்: தட்டச்சு அம்மா. (சொல்லிவிட்டுச் சிரித்தும் காட்டினார்.)’

தட்டச்சு அம்மா என் மனைவி.

கல்யாணமாகிப் பதினான்கு வருடம். அடைப்புக்குறிக்குள் இருந்ததை நான் ஒருநாளும் பார்த்ததில்லை. நனையாத பெட்டிகளையும் திறந்து பார்த்தேன். அவள் பேரில் பதினொரு மஞ்சள் சீட்டுகள். படிக்கட்டு, படிக்கட்டு, தண்ணீர்க் குழாயடி, மறுபடியும் படிக்கட்டு.

நேரே காதுக்காரரிடம் போனேன்.

“என்ன சார், படிக்கட்டுல வார்த்தை கொட்டிக் கெடக்குதாமே?”

“கொட்டிக் கெடக்குது! நல்லா இருக்கே சார், இன்னொரு தடவை சொல்லுங்க” என்று ஒரு மஞ்சள் சீட்டை உருவினார். இந்த ஆளிடம் சண்டைகூடப் போட முடியாது. எழுதிக்கொள்வார்.

சாயங்காலம் பஸ்ஸுக்கு நிற்கும்போது மனைவியிடம் ஆரம்பித்தேன்.

“அந்தாளுகிட்ட என்ன அப்படிச் சிரிப்பு?”

“எந்தாளு?”

“காது.”

“வெயில்ல ரொம்ப நேரம் நின்னீங்களா?”

வீட்டில் அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் உட்கார்ந்து, கைவசம் இருந்ததில் நல்லதாக ஒன்றை எடுத்துவிட்டேன். சொல்லி முடித்து நானே விழுந்து விழுந்து சிரித்தேன். அவள் என் சட்டையின் கையை மடித்தாள்.

“பாத்தியா? அவர்கிட்ட சிரிக்கிற, என்கிட்ட துணி மடிக்கிற. பதினோரு சீட்டு! உள்ளதைச் சொல்லும்மா. நான் சொல்றது எதுவும் உனக்குச் சிரிப்பா இல்லையா?”

கடைசி வரியில் என் குரல் ஜோக்கை விட்டுவிட்டது. அவள் சட்டையைக் கீழே வைத்தாள்.

“இருக்குங்க. தினம் இருக்கு. நான் வாயைத் தொறக்கறதுக்குள்ள நீங்களே சிரிச்சு முடிச்சிடறீங்க. முகத்தைப் பாக்கக்கூட விடாம அடுத்ததை ஆரம்பிச்சிடறீங்க. நான் எப்பதான் சிரிக்கிறது? எடுத்து வச்சுக்கிட்டு, மறுநாள் ஆபீஸ் படிக்கட்டுல தனியா உக்காந்து சிரிக்கிறேன். அந்த மனுஷன் அதைப் பாத்துட்டு, இதுக்கு என்னம்மா பேருன்னு கேட்டார், சொன்னேன். அதுலேர்ந்து எதிர்ல வந்தாலே வார்த்தை கேக்கறார். அவ்வளவுதான். நேத்து சொன்னீங்களே குடைக் கதை, அதையே இன்னிக்குத்தான் சிரிக்கலாம்னு இருந்தேன். அதுக்குள்ள நீங்க காபியைக் கொட்டிட்டீங்க, கறை பட்ட நானூறு சீட்டையும் டைப் அடிக்கிற வேலை எனக்கு வந்துடுச்சு.”